மனசுலு சுற்றுப்பாதை

மனசுலு சுற்றுப்பாதை என்பது நேபாள நாட்டின் வட நடுப் பகுதியில், உலகின் எட்டாவது உயரமான மலையாகிய மனசுலுவைச் (8,163 மீட்டர்) சுற்றிச் செல்லும் உயர்மலை நடைப்பயணப் பாதை ஆகும். இது புடி கண்டகி ஆற்றின் தாழ்ந்த பள்ளத்தாக்கில் ஏறத்தாழ 900 மீட்டர் உயரத்தில் தொடங்கி, 5,106 மீட்டர் உயரமுள்ள லார்க்கியா கணவாயைக் கடந்து, மர்சியாங்டி ஆற்றங்கரையிலுள்ள தாராபானி என்னும் ஊரில் முடிவடைகின்றது. எவரெசுட்டு அடிவார முகாம், அன்னபூர்ணா ஆகிய பாதைகளை விட இங்கு வருவோர் குறைவு. இப்பகுதி அரசால் கட்டுப்படுத்தப்பட்ட பகுதி என்பதால், அயல்நாட்டவர் உரிமம் பெற்ற வழிகாட்டி இன்றி இங்கு நடக்க இயலாது.

இப்பாதையில் நடப்பதற்கு மலையேற்றக் கயிறுகளோ பாறை ஏறும் பயிற்சியோ தேவையில்லை. எனினும் உயரமும் தொலைவும் சேர்ந்து, முன்கூட்டிய திட்டத்தை மிகவும் இன்றியமையாததாக ஆக்குகின்றன. எத்தனை நாள், எந்த ஊரில் எத்தனை இரவு, எந்த நிலையில் திரும்புவது என்ற மூன்றுமே திட்டத்தின் அடிப்படைக் கேள்விகள் ஆகும்.

பெயரும் அமைவிடமும்

மனசுலு என்னும் பெயர் 'மனசு' எனப் பொருள்படும் 'மானச' என்ற சமசுகிருதச் சொல்லிலிருந்து வந்தது. தமிழில் வழங்கும் மனம், மனசு ஆகிய சொற்களோடு இதன் ஒலி ஒப்புமை எளிதில் விளங்கும். மலை கோர்க்கா மாவட்டத்தில் அமைந்துள்ளது. பாதையின் பெரும்பகுதியும் கோர்க்கா மாவட்டத்தைச் சேர்ந்தது. கணவாயின் மேற்குப்புறம் மனாங் மாவட்டத்தைச் சேர்ந்தது.

வழியிலுள்ள இடப்பெயர்கள் பல நேபாள மொழியில் எளிய பொருள் உடையவை. 'கோலா' என்றால் ஓடை. மச்சா கோலா என்பது மீன் ஓடை, தூத் கோலா என்பது பால் ஓடை எனப் பொருள்படும். 'காவுன்' என்பது சிற்றூரைக் குறிக்கும். சாமாகாவுன் என்பது சாமா என்னும் ஊர் ஆகும். 'லா' என்பது திபெத்திய மொழியில் கணவாய் எனப் பொருள்படும். ஆகவே லார்க்கியா லா என்பதும் லார்க்கியா கணவாய் என்பதும் ஒன்றே.

வரலாறு

பிரித்தானிய மலையேறுநர் பில் டில்மன் 1950ஆம் ஆண்டு இப்பகுதிக்கு வந்தார். 1953ஆம் ஆண்டு சப்பானியக் குழு ஒன்று சாமா ஊரின் வழியாக மனசுலுவில் ஏற முயன்று திரும்பியது. அதன்பின் நிகழ்ந்த பனிச்சரிவில் அப்பகுதி மடம் ஒன்று அழிந்து 18 பேர் இறந்தனர். அயலார் மலையில் கால் வைத்ததால் தெய்வங்கள் சினமுற்றதே இதற்குக் காரணம் என ஊர் மக்கள் கருதினர். 1954ஆம் ஆண்டு வந்த சப்பானியக் குழுவை அவர்கள் வழிமறித்தமையால், அக்குழு வேறொரு மலைக்குச் செல்ல நேர்ந்தது. இறுதியில் 1956ஆம் ஆண்டு மே 9ஆம் நாள் தொசியோ இமானிசி, கியால்சென் நோர்பு ஆகிய இருவரும் முதன்முதலாக உச்சியை அடைந்தனர்.

திபெத்திய எல்லைக்கு அருகில் இருப்பதால் இப்பள்ளத்தாக்குகள் நெடுங்காலம் அயல்நாட்டு நடைப்பயணிகளுக்கு மூடப்பட்டிருந்தன. மனசுலு சுற்றுப்பாதை 1991ஆம் ஆண்டு திறக்கப்பட்டது. 1998ஆம் ஆண்டு 1,663 சதுர கி.மீ. பரப்புடைய மனசுலு பாதுகாப்புப் பகுதி அமைக்கப்பட்டது. இதன் கிளைப் பள்ளத்தாக்காகிய சும் 2008ஆம் ஆண்டு திறக்கப்பட்டது.

2015ஆம் ஆண்டு ஏப்ரல் 25ஆம் நாள் நிகழ்ந்த 7.8 அளவுள்ள நிலநடுக்கத்தின் மையம் கோர்க்கா மாவட்டத்தின் பார்பாக் அருகே இருந்தது. நேபாளம் முழுவதும் ஏறத்தாழ 9,000 பேர் இறந்த இப்பேரிடரில், புடி கண்டகிப் பள்ளத்தாக்கின் ஊர்களும் பாதைகளும் பெரும் சேதமுற்றன. பின்னர் வீடுகளும் தங்குமனைகளும் மீண்டும் கட்டப்பட்டன. நிலச்சரிவுகள் நிகழ்ந்த சரிவுகள் மழைக்காலத்தில் மீண்டும் சரியும் இயல்புடையன. ஆகையால் பாதையின் நிலையை ஆண்டுதோறும் கேட்டறிந்து கொள்ள வேண்டும்.

மக்களும் பண்பாடும்

தாழ்ந்த பகுதிகளில் குருங் முதலிய இனத்தவர் வாழ்கின்றனர். மேற்பகுதி நூப்ரி எனப்படும். அங்கு திபெத்திய மொழிக் குடும்பத்தைச் சேர்ந்த மொழி பேசும் பௌத்தர்கள் வாழ்கின்றனர். வாற்கோதுமை, உருளைக்கிழங்கு ஆகியவை முதன்மைப் பயிர்கள். சடை எருமை வளர்ப்பும் திபெத்துடனான வணிகமும் பழமையானவை.

வசந்த காலத்தின் இறுதியில் மக்கள் உயர்ந்த புல்வெளிகளுக்குச் சென்று 'யார்சா கும்பு' எனப்படும் மருந்துப் பூஞ்சையைச் சேகரிக்கின்றனர். இது புழுவின் உடலில் வளர்வது. சீன மருத்துவச் சந்தையில் பெரும் விலை பெறுவது. இக்காலத்தில் பல வீடுகளில் ஆட்கள் இருப்பதில்லை. நடைப்பயணிகள் தங்குமனைகள் திறந்திருக்குமா என்பதை முன்னரே கேட்டறிவது நல்லது.

வழியெங்கும் மந்திரங்கள் செதுக்கிய கற்களை அடுக்கிக் கட்டிய மணிச் சுவர்களும் தூபிகளும் காணப்படுகின்றன. இவற்றை வலப்பக்கத்தில் வைத்து இடஞ்சார்ந்து கடந்து செல்வது வழக்கம். தமிழகக் கோயில்களில் இறைவனை வலம் வருவதைப் போன்றே இதுவும் கடிகாரச் சுற்றுத் திசையிலானது.

ஆளரவம் குறைந்த பாதையும் உதவியின் தொலைவும்

அமைதியான பள்ளத்தாக்கைத் தேர்ந்தெடுப்பதன் பயன் வெளிப்படையானது. நெரிசல் குறைவு, ஊர்கள் பயணிகளுக்காக முற்றிலும் மாறிவிடவில்லை. ஆனால் ஆட்கள் குறைவாக இருக்கும் இடத்தில் உதவியும் குறைவாகவே இருக்கும். இமயமலை மீட்புச் சங்கம் 1973ஆம் ஆண்டு தொடங்கப்பட்டது. அது உயர நோய்க்கான மருத்துவ நிலையங்களை எவரெசுட்டுப் பாதையில் பெரிச்சே என்னும் இடத்திலும், அன்னபூர்ணாப் பாதையில் மனாங் என்னும் இடத்திலும் நடத்துகின்றது. அவ்விரு நிலையங்களும் மனசுலு வழியில் இல்லை. சாமாகாவுனுக்கு மேல் நோயுற்றவரை மருத்துவரிடம் சேர்க்க, கால்நடையாக இறங்குவதோ உலங்கு வானூர்தியோ மட்டுமே வழி. முகில் சூழ்ந்த நாளில் வானூர்தி வராது.

இக்காரணத்தால், இப்பாதைக்கான திட்டத்தில் மிகுதியாக வைக்க வேண்டியது பணமோ கருவிகளோ அல்ல, நாட்களே ஆகும். கூடுதல் நாட்கள் கையில் உள்ள குழு காத்திருக்கலாம், இறங்கலாம், மீண்டும் ஏறலாம். வானூர்திச் சீட்டின் தேதியைப் பிடிக்க ஓடும் குழுவுக்கு இம்மூன்றும் இயலாது.

பருவம்

இரண்டு பருவங்கள் ஏற்றவை. ஒன்று மார்ச் நடுப்பகுதி முதல் மே வரை. மற்றொன்று செப்டம்பர் இறுதி முதல் நவம்பர் வரை. வசந்த காலத்தில் கீழ்ப்பகுதிக் காடுகளில் நேபாளத்தின் தேசியப் பூவாகிய ரோடோடெண்ட்ரான் பூக்கும். இலையுதிர் காலத்தில் வானம் தெளிவாக இருக்கும். சூன் முதல் செப்டம்பர் நடுப்பகுதி வரை மழையும், அட்டைகளும், நிலச்சரிவும் உண்டு. திசம்பர் இறுதி முதல் பெப்ரவரி வரை கணவாயில் பனி மிகுந்து பாதை அடைபடலாம்.

இலையுதிர் காலத்திலும் வானிலை முற்றிலும் நம்பத்தக்கதன்று. 2014ஆம் ஆண்டு அக்டோபர் 12ஆம் நாள் உட்உட் புயல் வங்காள விரிகுடாவிலிருந்து விசாகப்பட்டினம் அருகே கரையைக் கடந்தது. அதன் எச்சம் வடக்கே நகர்ந்து, அக்டோபர் 14ஆம் நாள் மனசுலுவுக்கு மேற்கே, அன்னபூர்ணாப் பகுதியிலுள்ள 5,416 மீட்டர் உயரமான தோரோங் கணவாயில் பெரும் பனிப்பொழிவாக மாறியது. கணவாயைக் கடந்துகொண்டிருந்தோரும் அப்பகுதியில் இருந்தோருமாக நாற்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். நேபாளத்தில் சுற்றுலாப் பருவம் உச்சத்தில் இருக்கும் அக்டோபர் மாதமே வங்காள விரிகுடாவில் புயல்கள் உருவாகும் காலமும் ஆகும். எனவே கணவாயைக் கடக்கும் முன் விரிகுடாவில் புயல் உள்ளதா என்பதையும் வழிகாட்டி வானொலி அல்லது தொலைபேசி வழியாக அறிந்து கொள்ள வேண்டும்.

அனுமதிகள்

இப்பாதைக்கு மூன்று அனுமதிகள் தேவை.

- கட்டுப்படுத்தப்பட்ட பகுதி அனுமதி: இதை நேபாளக் குடிவரவுத் துறை வழங்குகின்றது. பதிவு பெற்ற நடைப்பயண முகவர் வழியாகவே இதைப் பெற இயலும்.
- மனசுலு பாதுகாப்புப் பகுதி நுழைவு அனுமதி.
- அன்னபூர்ணா பாதுகாப்புப் பகுதி நுழைவு அனுமதி: கணவாயின் மேற்குப்புறம் அப்பகுதியில் அடங்குவதால் இதுவும் தேவை.

2020களின் நடுப்பகுதியில் கட்டுப்படுத்தப்பட்ட பகுதி அனுமதிக்கான கட்டணம், செப்டம்பர் முதல் நவம்பர் வரை முதல் 7 நாட்களுக்கு 100 அமெரிக்க டாலர். அதற்கு மேல் ஒவ்வொரு நாளுக்கும் 15 டாலர். மற்ற மாதங்களில் முதல் 7 நாட்களுக்கு 75 டாலர். அதற்கு மேல் நாளொன்றுக்கு 10 டாலர். கட்டணங்களும் விதிகளும் மாறக்கூடியவை. ஒரு குழுவில் குறைந்தது இரண்டு அயல்நாட்டவர் இருக்க வேண்டும் என்ற விதி நெடுங்காலம் நடைமுறையில் இருந்து வந்தது. தனியாகச் செல்ல விரும்புவோர் புறப்படும் காலத்து விதியை முகவரிடம் உறுதி செய்து கொள்ள வேண்டும்.

அனுமதி சகத் என்னும் ஊரிலிருந்து தாராபானி வரையிலான நாட்களுக்கு எழுதப்படுகின்றது. கீழே தரப்பட்டுள்ள திட்டப்படி இது 11 நாட்கள். அதாவது இலையுதிர் காலத்தில் 160 டாலர். காத்திருப்பதற்கான இரண்டு நாட்களையும் சேர்த்து 13 நாட்களுக்குப் பெற்றால் 190 டாலர் ஆகும். கூடுதலான 30 டாலரை மிச்சப்படுத்துவதற்காக அனுமதியின் நாட்களைக் குறைப்பது, கணவாயின் அடியில் புயல் வந்தால் குழுவை இக்கட்டில் ஆழ்த்தும்.

வழிகாட்டியும் சுமைதூக்கிகளும்

வழிகாட்டியின் பணி வழியைக் காட்டுவது மட்டுமன்று. சோதனைச் சாவடிகளில் ஆவணங்களைப் பதிவு செய்தல், நெரிசலான மாதங்களில் தங்குமனைகளில் முன்னதாக இடம் பிடித்தல், குழுவினரின் உடல்நிலையை நாள்தோறும் கவனித்தல், திரும்ப வேண்டிய நேரத்தை முடிவு செய்தல் ஆகியவையும் அவருடைய பொறுப்பு ஆகும். வழிகாட்டியைத் தேர்ந்தெடுக்கும்போது பின்வருவனவற்றைக் கேட்டறிவது வழக்கம்.

- அரசு உரிமம் உள்ளதா?
- லார்க்கியா கணவாயை இதற்கு முன் எத்தனை முறை, எந்த மாதங்களில் கடந்துள்ளார்?
- முதலுதவிப் பயிற்சி பெற்றுள்ளாரா? உயர நோயின் அறிகுறிகளை விளக்கிச் சொல்ல இயலுமா?
- குழுவில் ஒருவர் நோயுற்றால் அவருடன் இறங்குபவர் யார்? மற்றவர்களை அழைத்துச் செல்பவர் யார்?
- அவருக்கும் சுமைதூக்கிகளுக்கும் காப்பீடு செய்யப்பட்டுள்ளதா?

நான்காவது கேள்வி மிகவும் முக்கியமானது. ஒரே ஒரு வழிகாட்டி உள்ள குழுவில் ஒருவர் நோயுற்றால், குழு முழுவதும் இறங்க வேண்டும். அல்லது நோயாளி தனியே விடப்படுவார். ஆகவே நான்கு அல்லது ஐந்து பேருக்கு மேற்பட்ட குழுக்களில் உதவி வழிகாட்டி ஒருவரையும் சேர்த்துக் கொள்வர்.

சுமைதூக்கிகளில் பலர் தாழ்ந்த மலைப்பகுதிகளிலிருந்து வருபவர்கள். அவர்களும் பயணிகளைப் போன்றே உயர நோய்க்கும் குளிருக்கும் ஆட்படுகின்றனர். மலையில் பிறந்தவர்க்கு உயரம் ஒன்றும் செய்யாது என்பது தவறான நம்பிக்கை ஆகும். சுமைதூக்கிகளின் நலனுக்காக இயங்கும் பன்னாட்டுச் சுமைதூக்கிகள் பாதுகாப்புக் குழுவின் நெறிகள், குளிர் தாங்கும் உடை, காலணி, கண்ணாடி, தங்குமிடம், உணவு, பயணியருக்குச் சமமான மருத்துவ உதவி ஆகியவற்றை வலியுறுத்துகின்றன. நோயுற்ற சுமைதூக்கியைக் கூலி கொடுத்துத் தனியே கீழே அனுப்பக் கூடாது என்பதும் அவற்றுள் ஒன்று. நேபாளத்தில் சுமை 30 கிலோ கிராமுக்கு மிகலாகாது. பொதுவாக இரண்டு பயணிகளுக்கு ஒரு சுமைதூக்கி என்ற கணக்கில், ஒவ்வொருவரும் 10 முதல் 12 கிலோ வரை கொடுத்தால் சுமை அளவுக்குள் இருக்கும்.

உயர நோயும் உடல் பழகுதலும்

காற்றில் ஆக்சிசனின் பங்கு எவ்வுயரத்திலும் ஏறத்தாழ 21 விழுக்காடே ஆகும். ஆனால் உயரம் கூடக் கூடக் காற்றழுத்தம் குறைகின்றது. 5,000 மீட்டருக்குச் சற்று மேலே, கடல் மட்டத்து அழுத்தத்தில் பாதியை விடச் சற்றே மிகுதியான அழுத்தமே உள்ளது. ஆகவே ஒவ்வொரு மூச்சிலும் உடலுக்குக் கிடைக்கும் ஆக்சிசன் அந்த அளவுக்குக் குறைகின்றது. உடல் இதற்குப் பழகச் சில நாட்கள் ஆகும். உடல் வலிமையும் இளமையும் இதைத் தடுப்பதில்லை. வலிமை மிக்கவர் வேகமாக ஏறிவிடுவதால் எளிதில் நோயுறுவதும் உண்டு.

உயர நோய் மூன்று வகைப்படும்.

- கடும் மலை நோய்: தலைவலியுடன் குமட்டல், பசியின்மை, சோர்வு, தலைச்சுற்றல் ஆகியவை தோன்றும்.
- உயர மூளை வீக்கம்: குழப்பமும் தள்ளாட்டமும் தோன்றும். ஒரு காலின் குதிகாலை மற்றொரு காலின் விரல்களோடு ஒட்டி வைத்து நேர்க்கோட்டில் நடக்கச் சொல்வது எளிய சோதனை. நடக்க இயலாதவர் உடனே இறக்கப்பட வேண்டும்.
- உயர நுரையீரல் வீக்கம்: ஓய்விலும் மூச்சுத் திணறல், இருமல், சில வேளை இளஞ்சிவப்பு நிற நுரைச்சளி ஆகியவை தோன்றும்.

பின்னிரண்டும் சில மணி நேரத்தில் உயிரைப் பறிக்கக் கூடியவை. இறங்குவதே முதன்மையான மருத்துவம். ஆக்சிசனும் மருந்துகளும் இறங்குவதற்குத் துணையாகுமே அன்றி அதற்கு ஈடாகா. அசெட்டசோலமைடு என்னும் மாத்திரை உடல் பழகுவதை விரைவுபடுத்துகின்றது. தடுப்புக்கு 125 மில்லி கிராம் வீதம் நாளுக்கு இருமுறை உட்கொள்வது வழக்கம். சல்ஃபா மருந்து ஒவ்வாதவர்கள் உட்பட அனைவரும் புறப்படும் முன் மருத்துவரிடம் கேட்டே இதை உட்கொள்ள வேண்டும். தலைவலிக்கு வலிநீக்கி உட்கொண்டு, நலம் என எண்ணி மேலே ஏறுவது ஆபத்தானது.

பொதுவான நெறி இது: 3,000 மீட்டருக்கு மேல், உறங்கும் இடத்தின் உயரம் ஓர் இரவுக்கு 500 மீட்டருக்கு மேல் கூடக் கூடாது, மூன்று அல்லது நான்கு நாட்களுக்கு ஒருமுறை அதே உயரத்தில் ஒரு நாள் கூடுதலாகத் தங்க வேண்டும். பகலில் எவ்வளவு ஏறினாலும் இரவில் தாழ்ந்த இடத்தில் உறங்கினால் நல்லது.

நாள் திட்டம்

கீழ்வரும் உயரங்கள் தோராயமானவை.

- நாள் 1: காத்மாண்டு – மச்சா கோலா (வாகனம்), 900 மீ.
- நாள் 2: சகத், 1,340 மீ.
- நாள் 3: டேங், 1,860 மீ.
- நாள் 4: நம்ருங், 2,630 மீ.
- நாள் 5: லோ, 3,180 மீ.
- நாள் 6: சாமாகாவுன், 3,530 மீ.
- நாள் 7: சாமாகாவுனில் தங்கல்.
- நாள் 8: சாம்தோ, 3,875 மீ.
- நாள் 9: சாம்தோவில் தங்கல்.
- நாள் 10: தர்மசாலா (லார்க்கியா அடிவாரம்), 4,460 மீ.
- நாள் 11: லார்க்கியா கணவாய் (5,106 மீ.) கடந்து பிம்தாங், 3,700 மீ.
- நாள் 12: தில்சே, 2,300 மீ.
- நாள் 13: தாராபானி, வாகனத்தில் பேசிசகர்.
- நாள் 14: காத்மாண்டு.
- நாள் 15, 16: கையிருப்பு நாட்கள்.

சாமாகாவுனில் தங்கும் நாளில் பீரேந்திர ஏரி, புங்கியென் மடம், மனசுலு அடிவார முகாம் ஆகியவற்றுள் ஒன்றுக்குச் சென்று திரும்பலாம். அடிவார முகாம் ஏறத்தாழ 4,800 மீட்டரில் உள்ளது. அவ்வளவு உயரம் ஏறி இரவில் மீண்டும் 3,530 மீட்டரில் உறங்குவது உடலுக்கு நல்ல பயிற்சி ஆகும். எனினும் தலைவலி உள்ளவர்கள் இதைத் தவிர்க்க வேண்டும்.

பல பயணத் திட்டங்களில் சாம்தோவின் இரண்டாம் இரவு நீக்கப்படுகின்றது. அவ்விரவின் தேவையைக் கணக்கால் அறியலாம். சாம்தோவிலிருந்து தர்மசாலாவுக்கு உயர வேறுபாடு 585 மீட்டர். இது 500 மீட்டர் நெறியை மீறுகின்றது. இடையில் தங்குவதற்கு ஊர் ஏதும் இல்லாததால் இவ்வேற்றத்தைப் பிரிக்க இயலாது. முன்னர் ஒரு நாள் தங்குவதே இதற்கு மாற்று. லோவிலிருந்து தர்மசாலா வரையிலான 1,280 மீட்டர் உயரம், இரண்டு தங்கல் நாட்களுடன் ஐந்து இரவுகளில் கடக்கப்படும்போது சராசரி ஏற்றம் இரவுக்கு 256 மீட்டர். ஒரு தங்கல் நாளை நீக்கினால் 320 மீட்டர். இரண்டையும் நீக்கினால் 427 மீட்டர். சராசரியில் இது 500க்குள் இருந்தாலும், பழகுவதற்கான இடைவெளி ஒன்றும் இல்லாமல் கணவாயின் அடிக்கு வந்து சேர நேரும்.

கணவாயைக் கடத்தல்

கணவாய் நாளில் நடை பொதுவாக 8 முதல் 10 மணி நேரம் வரை நீளும். முற்பகலுக்குப் பின் காற்று வலுப்பதால் விடியற்காலை 3 அல்லது 4 மணிக்குப் புறப்படுவது வழக்கம். 646 மீட்டர் ஏறியபின், பனியும் சறுக்கும் சரளையும் உள்ள சரிவில் ஏறத்தாழ 1,400 மீட்டர் இறங்க வேண்டும். முழங்கால் வலி உள்ளவர்களுக்கு ஏற்றத்தை விட இறக்கமே கடினமாக இருக்கும். நடைக்கோல்களும், காலணியில் மாட்டும் சிறு பனி முள்களும் உதவும்.

தர்மசாலாவில் இரவில் நோயுற்றவரைக் கணவாயைத் தாண்டிக் கொண்டுசென்றால் மறுபுறம் விரைவில் தாழ்ந்த இடத்தை அடையலாம் என்ற எண்ணம் சில குழுக்களிடம் தோன்றுவதுண்டு. இது மிகவும் தவறானது. மறுபுறம் இறங்கும் முன் நோயாளி மேலும் 646 மீட்டர் ஏற வேண்டும். அவருடைய நிலை ஏறும் வழியிலேயே மோசமடையும். அவர் வந்த வழியே, சாம்தோவுக்கும் பின் சாமாகாவுனுக்கும் இறக்கப்பட வேண்டும்.

குழுவினர் காத்மாண்டிலேயே பின்வருவனவற்றை ஒப்புக்கொண்டு எழுதி வைப்பது நல்லது: திரும்பும் முடிவு வழிகாட்டியுடையது, அவர் முடிவைக் காசு கொடுத்தோ வற்புறுத்தியோ மாற்றுவதில்லை, திரும்பினாலும் வழிகாட்டிக்கும் சுமைதூக்கிகளுக்கும் முழுக் கூலியும் வழங்கப்படும். கூலி குறையும் என்ற அச்சம் இருந்தால், நோயுற்ற சுமைதூக்கி அதை மறைக்கக்கூடும், வழிகாட்டியும் தயங்கக்கூடும்.

காப்பீடும் மீட்பும்

காப்பீட்டு ஆவணத்தில் உயர வரம்பு குறிப்பிடப்பட்டிருக்கும். பல சாதாரணக் காப்பீடுகள் 3,000 அல்லது 4,000 மீட்டரோடு நின்றுவிடுகின்றன. இப்பாதைக்கு 5,106 மீட்டருக்கு மேலும் செல்லுபடியாகும், உலங்கு வானூர்தி மீட்பையும் உள்ளடக்கிய காப்பீடு தேவை. தேவையற்ற மீட்புப் பறப்புகளால் காப்பீட்டு மோசடி நிகழ்வது குறித்து 2018ஆம் ஆண்டு நேபாள அரசு விசாரணை நடத்தியது. எனவே நடந்து இறங்கக்கூடிய நிலையில் உள்ளவர், வானூர்தியை அழைக்கும் முன் காப்பீட்டு நிறுவனத்தின் அவசர எண்ணில் பேசுவது நல்லது. மூளை அல்லது நுரையீரல் வீக்கத்தின் அறிகுறிகள் இருப்பின் காத்திருக்கலாகாது.

உணவும் பொருட்களும்

வழியெங்கும் எளிய தங்குமனைகள் உண்டு. பருப்பும் சோறும் காய்கறியும் சேர்ந்த 'தால் பாத்' எங்கும் கிடைக்கும், மறுமுறையும் பரிமாறுவர். மேற்பகுதியில் உருளைக்கிழங்கும் 'சம்பா' எனப்படும் வறுத்த வாற்கோதுமை மாவும் கிடைக்கும். கீழிருந்து சுமந்து வரப்படும் இறைச்சி பழையதாக இருக்கக்கூடும் என்பதால் சைவ உணவே பாதுகாப்பானது. உயரம் கூடும்போது நீரின் கொதிநிலை குறைகின்றது. 4,460 மீட்டரில் அது ஏறத்தாழ 85 பாகை செல்சியசு ஆகும். இவ்வெப்பத்திலும் நோய்க்கிருமிகள் அழிந்துவிடும். ஆனால் அரிசியும் பருப்பும் வேக நீண்ட நேரம் ஆகும்.

இன்றியமையாத பொருட்கள்:

- பழகிய, கணுக்கால் வரை மூடும் காலணி
- அடுக்கடுக்காக அணியத்தக்க கம்பளி உடைகளும் காற்று, மழை தாங்கும் மேலுடையும்
- உறைபனி தாங்கும் உறக்கப் பை
- புற ஊதாக் கதிரைத் தடுக்கும் கண்ணாடி (பனியில் குருட்டுத்தன்மை ஏற்படாமல் காக்கும்)
- தலைவிளக்கும் கூடுதல் மின்கலங்களும்
- நீர் தூய்மையாக்கும் மாத்திரைகள்
- நேபாள ரூபாயில் போதிய பணம்

சும் பள்ளத்தாக்கு

லோக்பா என்னும் இடத்தில் முதன்மைப் பாதையிலிருந்து கிழக்கே பிரியும் இப்பள்ளத்தாக்கிற்குச் சென்று திரும்ப மேலும் ஆறு அல்லது ஏழு நாட்கள் தேவை. இதற்குத் தனி அனுமதி பெற வேண்டும். சும்லிங், சேக்கம்பார் ஆகிய ஊர்கள் வழியாக ஏறத்தாழ 3,700 மீட்டரிலுள்ள மூ மடம் வரை செல்லலாம். இங்குள்ள மக்கள் 1920ஆம் ஆண்டு உயிர்க்கொலை செய்வதில்லை என உறுதி ஏற்றனர். வேட்டையாடுதல், உணவுக்காக விலங்குகளைக் கொல்லுதல் ஆகியவை இங்கு விலக்கப்பட்டுள்ளன. கணவாயைக் கடக்கத் துணியாதவர்களுக்கு இது ஏற்ற மாற்றாகும். 3,000 மீட்டருக்கு மேல் சில நாட்கள் தங்கிப் பின் மனசுலு பாதையில் தொடர்வோருக்கும் உடல் பழகுவதற்கு இது ஓரளவு துணை செய்கின்றது.

இவற்றையும் பார்க்க

- மனசுலு
- அன்னபூர்ணா
- உயர நோய்
- கோர்க்கா மாவட்டம்
- 2015 நேபாள நிலநடுக்கம்